தாராவியில் பெண்களுக்காக வழக்காட வருகிறீர்களா? புது வக்கீல்களுக்குச் சில படிகள்

மும்பைத் தமிழ்க் குடும்பங்களில் சட்டம் படிக்கும் பெண்களை இப்போது பரவலாகப் பார்க்க முடிகிறது. இட்லி வியாபாரி மகள், தோல் பட்டறைத் தொழிலாளி மகள் என்று வீட்டில் முதல் ஆளாகக் கறுப்புக் கோட்டு மாட்டுகிறவர்கள். அவர்களில் சிலர், "நம்ம பொம்பளைங்க கேஸைத்தான் எடுக்கணும்னு இருக்கேன், எங்கிருந்து ஆரம்பிக்க?" என்று கேட்பதுண்டு. அவர்களுக்காக எழுதியது இது.

தாராவி, சயான் கோலிவாடா, சீட்டா கேம்ப் போன்ற இடங்களில் நம் பெண்கள் கொண்டுவருகிற பிரச்சினைகளில் பெரும்பகுதி நான்கு: அடி, வீட்டைவிட்டு விரட்டுவது, செலவுக்குப் பணம் தராதது, நகையைத் திருப்பித் தராதது. நான் வேலை செய்யும் வரிசை எளிது. முதலில் அவள் படுக்க ஓர் இடம், அடுத்து மாதச் செலவுக்குப் பணம், அதற்கப்புறம்தான் கணவனுக்குத் தண்டனை. கோபத்தோடு வருகிற குடும்பம் இதைத் தலைகீழாகக் கேட்கும். "முதல்ல அவனை உள்ள தள்ளுங்க" என்பார்கள். உள்ளே தள்ளினால் அடுத்த மாத வாடகையை யார் கட்டுவது என்று கேட்டுப் பாருங்கள், பேச்சு வேறு பக்கம் திரும்பும்.

பதிவு, பயிற்சி

இதைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். மகாராஷ்டிரா–கோவா பார் கவுன்சிலில் பதிவு, அப்புறம் அகில இந்திய பார் தேர்வு. பதிவுக் கட்டணமாக 750 ரூபாய்க்கு மேலும், தலித், பழங்குடியினரிடம் 125 ரூபாய்க்கு மேலும் வாங்கக் கூடாது என்று 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வீட்டில் பணமில்லை என்று பதிவைத் தள்ளிப்போடாதீர்கள்.

முதல் சில வருடங்கள் யாரிடமாவது ஜூனியராக இருங்கள். பாந்த்ரா குர்லா காம்ப்ளெக்ஸில் உள்ள குடும்ப நீதிமன்றத்தின் நடைமுறை தெரிந்த சீனியர் கிடைத்தால் நல்லது. அங்கே வக்கீல் வைத்துக்கொள்வது யாருக்கும் பிறப்புரிமை கிடையாது, நீதிபதியின் அனுமதி வேண்டும். 1984-ஆம் ஆண்டுக் குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 13-ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. ஆகவே பல நாட்களில் நம் கட்சிக்காரர்தான் பேசுவார். அவரைப் பேசத் தயார்செய்வது பாதி வேலை. இந்த நகரத்தில் பெண்கள் வழக்கு என்றால் ஃப்ளேவியா ஆக்னஸ் பெயரைக் கேள்விப்படாமல் இருக்க முடியாது. கணவனிடம் அடி வாங்கி, அதிலிருந்து வெளியே வந்து, பிறகு சட்டம் படித்தவர். அவர் தொடங்கிய மஜ்லிஸ் அமைப்பு பெண் வக்கீல்களை வைத்தே இந்த வழக்குகளை நடத்துகிறது. அந்த மாதிரி இடத்தில் கொஞ்ச காலம் இருந்தால், புத்தகத்தில் இல்லாதது நிறையக் கிடைக்கும்.

உட்காரும் இடமும் போனும்

சந்துக்குள் ஒரு பெண் வக்கீல் வீட்டுக்குள் நுழைந்தால், அவள் வெளியே வருவதற்குள் மாமியாருக்குச் செய்தி போய்விடும். அதனால் வக்கீலைப் பார்ப்பது தவிர வேறு காரணத்துக்காகவும் பெண்கள் போகக்கூடிய இடமாகப் பாருங்கள். ஆஸ்பத்திரிப் பக்கம், ரேஷன் கடைப் பக்கம், பிள்ளையைப் பள்ளியில் விடும் வழி, மகிளா மண்டல் (பெண்கள் சங்கம்) கூடும் அறை. பெரிய போர்டு வேண்டாம். வக்கீல் விளம்பரம் செய்யக் கூடாது என்பது பார் கவுன்சில் விதி. இந்தத் தொழிலில் அது நமக்கு நல்லதாகவே போய்விட்டது.

போனில் அவளைக் கூப்பிடும் முன், எந்த நேரத்தில் கூப்பிடலாம், அந்தப் போனை வேறு யார் எடுப்பார்கள் என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். உங்கள் நம்பரை "டைலர் அக்கா" என்றோ "சீட்டு அக்கா" என்றோ சேமிக்கச் சொல்லுங்கள். மிஸ்டு கால் வந்தால் உடனே திருப்பி அடிக்க வேண்டாம். உங்கள் வீட்டு முகவரியை யாருக்கும் தராதீர்கள். கணவன் தனியாக வந்து "பேசணும்" என்றால், கூட ஒருவர் இருக்கும்போது மட்டும் பேசுங்கள், வழக்கு விவரம் எதுவும் பேசாதீர்கள்.

முதல் சந்திப்பு

எந்த செக்‌ஷன் என்று யோசிக்க நேரம் இருக்கிறது. முதலில் கேட்க வேண்டியவை: இன்று ராத்திரி எங்கே படுப்பீர்கள்? பிள்ளைகள் யாரிடம்? அடிபட்ட இடத்தை டாக்டர் பார்த்தாரா? கையில் எவ்வளவு காசு? இதற்கெல்லாம் பதில் வந்த பிறகு, "உங்களுக்கு என்ன வேணும்?" என்று கேட்டுவிட்டு வாயை மூடிக்கொண்டு காத்திருங்கள். "அவர் குடிக்காம இருந்தா போதும்" என்று சொல்வாள். அதைக் கேட்டு முகம் சுளிக்காதீர்கள். விவாகரத்து வேண்டாம், அடி மட்டும் நிற்கவேண்டும் என்பது சட்டத்துக்குள் அடங்குகிற ஆசைதான். குடும்ப வன்முறைச் சட்டத்தின் 18-ஆம் பிரிவில் பாதுகாப்பு உத்தரவு என்று இருப்பது அதற்குத்தான்.

கூட வந்த அம்மாவையும் அண்ணனையும் கொஞ்ச நேரம் வெளியே உட்காரச் சொல்லுங்கள். பிறந்த வீட்டார் முன்னால் அவள் சொல்வதும் தனியாகச் சொல்வதும் ஒன்றாக இருக்காது. இன்னொன்று: இங்கேயே பிறந்த பிள்ளைக்கு மராத்தியும் இந்தியும் தண்ணீர் பட்ட பாடு, ஊரிலிருந்து கல்யாணமாகி வந்த அம்மாவுக்கு வராது. போலீஸிலும் ஆஸ்பத்திரியிலும் பன்னிரண்டு வயதுப் பெண்ணை வைத்து அம்மா அடிபட்ட கதையை மொழிபெயர்க்கச் சொல்கிறார்கள். அதை மட்டும் அனுமதிக்காதீர்கள். நீங்களே கூடப் போங்கள், அல்லது மகிளா மண்டலில் மொழி தெரிந்த ஒருவரை ஏற்பாடு செய்யுங்கள். உங்கள் மராத்தி சுமார் என்றால் இன்றைக்கே படிக்கத் தொடங்குங்கள். ஸ்டேஷனில் புகாரை மராத்தியில் எழுதி, "சஹி கரா" (கையெழுத்துப் போடு) என்று நீட்டுவார்கள். அதில் என்ன இருக்கிறது என்று உங்களுக்கே தெரியாவிட்டால் அவளுக்கு எப்படித் தெரியும்?

உறவுக்குள் கட்டிய கல்யாணம்

இதை எந்தச் சட்டக் கல்லூரியும் சொல்லித்தருவதில்லை. திருநெல்வேலி, தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வந்த குடும்பங்களில் தாய்மாமனையோ அத்தை மகனையோ கட்டிக்கொண்டவர்கள் உண்டு. அங்கே கணவன் மீது மனு போட்டால் அது அம்மாவின் கூடப்பிறந்த தம்பி மீது போடுகிற மனு. மாமியாரே பாட்டியாகவும் இருப்பாள். சாட்சி சொல்ல வரவேண்டிய அம்மா, "என் தம்பியை நானே எப்படிக் கூண்டுல ஏத்துவேன்" என்று பின்வாங்குவாள். ஒரு மனுவால் இரண்டு வீட்டு நல்லது கெட்டதும் நின்றுபோகும்.

அதனால் இந்தக் குடும்பங்களில் மூன்று விஷயம் பார்ப்பேன். எதிர்மனுதாரர் பட்டியலை முடிந்தவரை சின்னதாக வைப்பேன். அடித்தவன், விரட்டியவர், நகையை வைத்திருப்பவர், அவ்வளவுதான். நாத்தனார், கொழுந்தன், ஊரில் இருக்கும் சித்தப்பா எல்லாரையும் சேர்த்து மொத்தமாகக் குற்றம் சாட்டுவதை உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பக் கண்டித்திருக்கிறது, வழக்கும் அதனால் பலவீனமாகும். இரண்டாவது, பாட்டி, பெரியம்மா யாராவது ஒருவர் பெண் பக்கம் மனசுக்குள் இருப்பார். அவரைத் தேடிப் பிடிக்க வேண்டும். கோர்ட்டுக்கு வராவிட்டாலும் நகை எங்கே இருக்கிறது என்று சொல்வார். மூன்றாவது, சிறைத் தண்டனை இல்லாமல் உத்தரவு கேட்கும் வழி இருக்கிறது என்பதை அம்மாவுக்குப் பொறுமையாக விளக்குவேன். "மாமாவை ஜெயில்ல போட மாட்டாங்க, வீட்டுச் செலவுக்குக் காசு கொடுக்கச் சொல்வாங்க" என்று புரிந்ததும் பல அம்மாக்கள் சாட்சிக்கு வந்துவிடுகிறார்கள்.

காகிதம் சேர்ப்பது

வீட்டைவிட்டு வெளியேறும் முன் பார்த்துக்கொள்ள முடிந்தால், இவற்றைப் போட்டோ எடுத்து அக்கா, தங்கை போனுக்கு அனுப்பச் சொல்லுங்கள்: ஆதார், ரேஷன் கார்டு, வங்கிப் புத்தகம், பிள்ளைகளின் பிறப்புச் சான்று, வீட்டின் போட்டோ பாஸ் (குடிசைவாசிக்கு அரசு தரும் அடையாளச் சீட்டு), லைட் பில், நகை வாங்கிய ரசீது, நகை அடகில் இருந்தால் அடகுச் சீட்டு. அடகுச் சீட்டில் யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். பல வழக்குகளில் சீர் நகை எங்கே போனது என்பதற்கு அந்தத் துண்டுச் சீட்டு ஒன்றே ஆதாரம்.

கல்யாணம் நடந்ததற்குச் சான்று ஊரில் கிடக்கும். பத்திரிகை, போட்டோ ஆல்பம், மொய் நோட்டு, கோயில் ரசீது எல்லாவற்றையும் வரவழையுங்கள். பதிவு செய்யாத கல்யாணம் என்று பயப்பட வேண்டாம்; குடும்ப வன்முறைச் சட்டம் திருமணத்தைப் போன்ற உறவையும் ஏற்கிறது. ஐயர், தீ இல்லாத சுயமரியாதைத் திருமணம் தமிழ்நாட்டில் நடந்திருந்தால் 1967-ல் இந்து திருமணச் சட்டத்தில் தமிழ்நாடு சேர்த்த 7ஏ பிரிவின் கீழ் அது செல்லும். அதே மாலை மாற்றல் தாராவியில் நடந்ததென்றால் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் அதைத்தான் பிடிப்பார், முன்கூட்டியே யோசித்து வையுங்கள்.

வாட்ஸ்அப் மிரட்டல், ஆடியோ எல்லாம் ஆதாரம்தான். ஆனால் ஸ்கிரீன் ஷாட்டை மட்டும் வைத்துக்கொண்டு போனை விற்றுவிடக் கூடாது. மின்னணு ஆதாரத்துக்குப் புதிய சாட்சியச் சட்டத்தின் 63-ஆம் பிரிவுப்படி சான்றிதழ் இணைக்க வேண்டும்.

ஆஸ்பத்திரிச் சீட்டு தனிக் கவனம் கேட்பது. "பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டேன்" என்று டாக்டரிடம் சொல்வது நம் பெண்களுக்குப் பழக்கம். கேஸ் பேப்பரில் அது ஏறிவிட்டால் பிறகு மாற்றுவது கஷ்டம். யார் அடித்தார், எதால் அடித்தார் என்று சொல்லச் சொல்லுங்கள். மும்பை மாநகராட்சி ஆஸ்பத்திரிகளில் இதற்கு உதவ ஆட்கள் உண்டு. பாந்த்ரா பாபா ஆஸ்பத்திரியில் 2000-களின் தொடக்கத்தில் 'திலாசா' மையம் வந்தது, பிறகு வேறு ஆஸ்பத்திரிகளுக்கும் பரவியது. தாராவியில் 'ஸ்நேஹா' அமைப்பு பல வருடங்களாக இதே வேலையைச் செய்கிறது. சயான் ஆஸ்பத்திரியில் குழந்தை மருத்துவராக இருந்த அர்மிடா ஃபெர்னாண்டஸ் 1999-ல் தொடங்கியது. அங்குள்ள ஆலோசகர்களோடு பழக்கம் வைத்துக்கொள்ளுங்கள். வழக்கு உங்களிடம் வருவதும் அவர்கள் மூலம்தான், நடுவில் அவள் மனம் தளரும்போது தாங்குவதும் அவர்கள்தான்.

ஸ்டேஷனில்

அவசரம் என்றால் 112. மும்பையில் பெண்களுக்கு 103 இருக்கிறது, 181-ம் இருக்கிறது.

அடிபட்டுப் போகும் பெண்ணிடம் ஸ்டேஷனில் பெரும்பாலும் ஒரு 'என்.சி.' எழுதிக் கையில் கொடுப்பார்கள். அது வாரண்ட் இல்லாமல் கைது செய்ய முடியாத சின்னக் குற்றத்துக்கான பதிவு, அதன் மேல் போலீஸ் தானாக விசாரிக்காது. நம் பெண்கள் அதையே எஃப்.ஐ.ஆர். என்று நம்பிப் பீரோவில் அடுக்கி வைத்திருப்பார்கள். பழைய என்.சி. எல்லாவற்றையும் கொண்டுவரச் சொல்லுங்கள். தனித்தனியாக ஒன்றுக்கும் உதவாதவை, தேதி வரிசையில் அடுக்கினால் அடி தொடர்ந்து நடந்ததற்குச் சாட்சியாகிவிடும்.

எஃப்.ஐ.ஆர். வேண்டும் என்று அவளே முடிவெடுத்தால், கணவன் வீட்டார் கொடுமைக்கான பழைய 498ஏ இப்போது புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 85, 86-ஆம் பிரிவுகள். போட்டவுடன் கணவனைப் பிடித்துக்கொண்டு போவார்கள் என்று சொல்லிவைக்காதீர்கள். 2014-லேயே உச்ச நீதிமன்றம் கண்ணை மூடிக்கொண்டு கைது செய்யக் கூடாது என்று சொல்லிவிட்டது. எஃப்.ஐ.ஆர். நகல் இலவசம், கேட்டு வாங்குங்கள். பதிய மறுத்தால் மேலதிகாரிக்கு எழுத்தில் அனுப்பி, அதற்கும் பலனில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். போலீஸோடு வேலை செய்யும் சமூகப் பணியாளர்களின் 'ஸ்பெஷல் செல்' 1984-ல் மும்பை போலீஸும் டாடா சமூக அறிவியல் நிறுவனமும் சேர்ந்து தொடங்கியது. ஸ்டேஷனில் குரல் எழும்பாத பெண்ணுக்கு அந்த அறை பெரிய ஆறுதல்.

மனு

என் கணக்கில் முதல் ஆயுதம் 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைச் சட்டத்தின் 12-ஆம் பிரிவு மனு. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் போட வேண்டும். இந்தச் சட்டத்துக்காக அரசு நியமிக்கும் பாதுகாப்பு அதிகாரியின் அறிக்கை இருந்தால் நல்லது, இல்லாவிட்டாலும் மனு நிற்கும். 2022-ல் உச்ச நீதிமன்றம் அதைத் தெளிவாக்கியது. முதல் விசாரணை 3 நாளில், முடிவு 60 நாளில் என்று சட்டம் சொல்கிறது. நடப்பில் வாய்தா மேல் வாய்தாதான். அதனால் 23-ஆம் பிரிவின் கீழ் இடைக்கால உத்தரவு மனுவை முதல் நாளே சேர்த்துப் போடுங்கள். அதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விடும் வக்கீலின் கட்சிக்காரர் வருடக்கணக்கில் கைக்காசு செலவழிப்பார்.

வீடு பற்றிக் கேட்கும்போது நம் இடத்தின் அளவை நினைவில் வையுங்கள். பத்துக்குப் பதினைந்து அடிக் கோலியில் (ஒற்றை அறை வீடு) மாமியார், கணவன், பிள்ளைகள் எல்லாரும். "அதே வீட்டில் ஒரு பகுதி" என்று உத்தரவு வாங்கினால் நடுவில் சாக்பீஸால் கோடு போடவேண்டியதுதான். கணவனை வீட்டைவிட்டு வெளியேற்றக் கேட்கலாம், ஆனால் பெண்களை அப்படி வெளியேற்றச் சட்டம் இடம் தராது. மாமியார் அங்கேயே இருப்பார். அவரோடு இருப்பது ஆபத்து என்றால் 19-ஆம் பிரிவின் கீழ் வேறு வீட்டுக்கு வாடகை கேளுங்கள். தாராவியிலேயே பக்கத்துச் சந்தில் கோலி கிடைத்தால் பிள்ளையின் பள்ளியும் மாறாது. வீடு மாமியார் பெயரில் என்று எதிர்த்தரப்பு சொல்லும். அவள் வாழ்ந்த வீடு என்றால் மாமனார், மாமியார் பெயரில் இருந்தாலும் அவளுக்கு இருக்க உரிமை உண்டு என்று 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்றத்தில் தீர்ப்பாகிவிட்டது. குடிசை மாற்று வீடு கணவன் மனைவி இருவர் பெயரிலும் கூட்டாகத்தான் பதிய வேண்டும் என்பது மும்பை விதி. தாராவி மறுசீரமைப்புக் கணக்கெடுப்புப் படிவத்தில் யார் பெயர் எழுதப்பட்டது என்று பார்த்து நகல் வாங்கி வைக்கச் சொல்லுங்கள்.

ஜீவனாம்சம் தனியாக வேண்டும் என்றால் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பழைய 125-ஆம் பிரிவு, இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144. மும்பையில் இது குடும்ப நீதிமன்றத்துக்குப் போகும். பெண்களின் ஜீவனாம்சம், விவாகரத்து, வன்முறை, சொத்து வழக்குகளுக்கு மகாராஷ்டிர அரசு 1994-லேயே கோர்ட் ஃபீஸை நீக்கிவிட்டது. "ஃபீஸ் கட்டணும்" என்று யாராவது அவளிடம் பணம் கேட்டிருந்தால் எதற்கு என்று விசாரியுங்கள். வக்கீல் வைக்க வசதியில்லை என்றால், பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவசச் சட்ட உதவி உண்டு, 15100-க்குக் கூப்பிடலாம். அப்படி உதவும் வக்கீல்கள் பட்டியலில் நீங்கள் சேர மூன்று வருட அனுபவம் வேண்டும்.

கணவனின் வருமானம்

இட்லி வியாபாரத்துக்குச் சம்பளச் சீட்டு கிடையாது. கோர்ட்டில் வந்து, "ஒரு நாளைக்கு முந்நூறு ரூபாகூட நிக்காது சார்" என்பான். உச்ச நீதிமன்றத்தின் 2020 நவம்பர் தீர்ப்புப்படி இரண்டு தரப்பும் வருமானம், சொத்து, கடன் பற்றிப் பிரமாணப் பத்திரம் போட வேண்டும். அவன் போடுவதை உடைக்கும் விவரம் அவளிடமே இருக்கும். அரிசியும் உளுந்தும் ஒரு நாளைக்கு எவ்வளவு ஊறப்போட்டாள்? எத்தனை இட்லி வெந்தது? மாவு அரைத்துக் கொடுத்ததே அவள்தானே! மளிகைக் கடை பில், கூகுள் பே வரவு, கட்டும் சீட்டுத் தொகை, வண்டியின் மாதத் தவணை, ஊரில் கட்டிக்கொண்டிருக்கும் வீடு என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதுங்கள். மாதம் பத்தாயிரம் சீட்டுக் கட்டுகிறவன் ஒன்பதாயிரம் சம்பாதிக்கிறேன் என்று சொல்ல முடியாது.

ஊருக்குப் போவதா, சங்கத்துக்குப் போவதா

அடி வாங்கிய பெண்ணை முதலில் தாதர்–திருநெல்வேலி ரயிலில் ஏற்றிவிடுவதுதான் வழக்கம். உயிருக்கு ஆபத்து என்றால் போகட்டும். சட்டமும் தடுக்காது, அவள் தங்கியிருக்கும் ஊரிலேயே மனு போடலாம். ஆனால் வீடு, பிள்ளைகளின் பள்ளி, கணவனின் வரும்படி எல்லாம் இங்கே இருக்கும்போது ஊரில் வழக்குப் போட்டால் அவனை வரவழைப்பதற்கே காலம் ஓடிவிடும். கோலியும் கைவிட்டுப் போகும். திரும்பி வரும் எண்ணம் இருந்தால், ரயில் ஏறும் முன் இங்கே மனுவைப் போட்டுவிட்டுப் போகச் சொல்லுங்கள்.

ஊர்ச் சங்கத்தார் பஞ்சாயத்துப் பேசக் கூப்பிடுவார்கள். நான் சங்கத்தோடு சண்டை போடுவதில்லை. அங்கே நாலு பேர் முன்னால் கணவன் ஒப்புக்கொள்வது சில சமயம் கோர்ட்டில் உதவும். ஆனால் அவள் அங்கே எதிலும் கையெழுத்துப் போடக் கூடாது. நூறு ரூபாய்ப் பத்திரத்தில் "இனி சம்பந்தமில்லை" என்று எழுதி அத்துவிடுவது இன்னும் நடக்கிறது. அப்படி ஒரு வழக்கம் அந்தச் சமூகத்தில் உண்டு என்று நிரூபிக்காதவரை அது விவாகரத்து ஆகாது, ஜீவனாம்சத்தை விட்டுக்கொடுத்ததாக எழுதியிருந்தால் வம்பு வேறு. பிரிவது என்று இருவரும் முடிவு செய்தால் பரஸ்பர சம்மத மனுவாகக் குடும்ப நீதிமன்றத்தில் போட்டு, நகை, பணம், பிள்ளைகள் எல்லாவற்றையும் அதில் எழுதச் சொல்லுங்கள்.

உத்தரவு வந்த பிறகு

உத்தரவு நகல் வாங்கியதும் பல வக்கீல்கள் கோப்பை மூடிவிடுகிறார்கள். பணம் வரத் தொடங்குவது அதற்கப்புறம்தான், அதுவும் துரத்தினால். பாதுகாப்பு உத்தரவை மீறினால் 31-ஆம் பிரிவின் கீழ் ஓராண்டுவரை சிறை உண்டு. நகலைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கைப்பையில் வைத்திருக்கச் சொல்லுங்கள், ஒரு நகலை ஸ்டேஷனில் கொடுத்துக் கையெழுத்து வாங்குங்கள். கணவன் பட்டறையில் வேலை செய்கிறவன் என்றால், குடும்ப வன்முறைச் சட்டத்தின் 20-ஆம் பிரிவின் கீழ் சம்பளத்திலிருந்து நேராக அவளுக்குக் கட்டும்படி முதலாளிக்கே உத்தரவு கேட்கலாம். 144-இல் வாங்கிய ஜீவனாம்சம் நின்றுபோனால் பாக்கித் தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனுப் போட வேண்டும், தாண்டினால் அந்த மாதங்களுக்கு வாரண்ட் கேட்க முடியாது. அவள் பெயரில் தனி வங்கிக் கணக்கு இருக்கட்டும், கையில் பணமாக வாங்க வேண்டாம். கணக்கில் ஏறாத மாதத்தைக் காலண்டரில் சுழித்து வைத்து, இரண்டு சுழி சேர்ந்ததும் உங்களிடம் வரச் சொல்லுங்கள்.